அந்த மூணு வரி உன்னுது இல்ல, அண்ணா

கோணக் கையெழுத்துக்கும் நேர்ப் பேச்சுக்கும் பேர்போன என் அண்ணா ஏகாம்பரத்துக்கு,

வர்ற வெள்ளிக்கிழமையோட நீ போய் ஒரு வருஷம் ஆகுது. திவசம், படையல்னு ஏதாச்சும் ஏற்பாடு பண்ணினா போட்டோவுல இருந்து எறங்கி வந்து சண்டை போடுவே. அதனால கூட்டம் வெச்சிருக்காங்க. சாயங்காலம் அஞ்சு மணிக்கு, தேரடி வீதியில, தஸ்தகீர் பாய் பிரஸ்ஸு வாசல்ல. நீ இருபது வருஷம் ப்ரூஃப் திருத்தின அதே பிரஸ்ஸு, வாராவாரம் சினிமா விமர்சனம் ஒட்டின அதே சுவர்.

உன் விமர்சனங்கள்ல கெடைச்சதைச் சேத்து ஒரு சின்னப் புஸ்தகமும் போடறாங்க. செல்வமணியை ஞாபகம் இருக்கா? காலேஜ் படிக்கறப்போ அந்தச் சுவத்து முன்னாடி நின்னு நோட்டுல காப்பி எடுத்துக்கிட்டே இருப்பானே, அவன்தான் தொகுத்திருக்கான். இப்போ கீழ்பென்னாத்தூர்ல வாத்தியாரு. தொப்பை கூட வந்துடுச்சு.

போன ஞாயித்துக்கிழமை அட்டையோட ப்ரூஃபை எடுத்துக்கிட்டு வீட்டுக்கு வந்தான். "அக்கா, முதல் பக்கத்துல போட நீங்க ஒரு கடிதம் எழுதிக் குடுங்க. அப்படியே இந்த அட்டையையும் பாத்து, திருத்தம் இருந்தா போட்டு வைங்க. புதன்கிழமை மெஷின் ஏறுது"ன்னான். நான் கண்ணாடியைத் தேடி மாட்டிக்கிட்டுப் பாத்தேன். அட்டையில பெரிய எழுத்துல மூணு வரி.

நியூஸ் ரீலில் எல்லோரும் சிரிக்கிறார்கள்.
நடிப்பு சுமார்.
சிலேட்டை மட்டும் திருப்பி வாங்கிவிட்டார்கள்.

கீழ உன் பேரு.

தாளைக் கண்ணுகிட்ட கொண்டு வந்து இன்னொருவாட்டி பாத்தேன் அண்ணா. "என்னக்கா, எழுத்து சின்னதா இருக்கா?"ன்னு கேட்டான். "இல்லப்பா, நல்லாத்தான் இருக்கு, வெச்சிட்டுப் போ"ன்னேன். அவன் போனதும் கதவைச் சாத்திட்டு அந்தத் தாளையே பாத்துக்கிட்டு உக்காந்துட்டேன். உலை கொதிச்சு வழிஞ்சு அடுப்பு அணைஞ்சதுகூடத் தெரியல.

இந்த ஊருல உன்னைத் தெரியாதவனுக்கும் அந்த மூணு வரி தெரியும். கல்யாண வீட்டுல யாராச்சும் பொய்யா பல்லைக் காட்டினா "நடிப்பு சுமார்"னு இன்னிக்கும் சொல்றாங்க. அந்த வரிக்காக நீ பதினோரு மாசம் உள்ள இருந்துட்டு வந்தே. ஆனா அதை நீ எழுதல. நீ சொல்லி நான் எழுதவும் இல்ல. அது நானா எழுதினது.

தோ, சொல்லிட்டேன். பதிமூணு வருஷமா தொண்டையில மாட்டிக்கிட்டிருந்தது. இனிமே ஒண்ணொண்ணா சொல்றேன், இதைப் படிக்கறவங்களுக்கும் புரியணுமில்ல.

நீ வேலை செய்யற விதமே ஒரு தினுசு. புதுப் படம் வந்தா மொத நாள் தரை டிக்கெட்டுல மணல்ல உக்காந்து பாப்பே. மறுநாள் அதே படத்தைப் பெஞ்சுல உக்காந்து பாப்பே. மூணாம் நாள் உள்ளயே போக மாட்டே. டூரிங் கொட்டாய்க்கு வெளிய டீக்கடையில நின்னு, கீத்துத் தடுப்புக்கு அந்தப் பக்கம் கேக்கற வசனத்தையும் ஜனங்க சிரிக்கற சத்தத்தையும் மட்டும் கேப்பே. "படத்தைப் பாத்தா ஹீரோ தெரிவான் சுலோ. வெளிய நின்னு கேட்டாத்தான் யாரை அடிச்சதுக்கு யாரு கை தட்றாங்கன்னு தெரியும்"பே. மூணாவது தடவை எந்த எடத்துல சிரிப்பு வரும், எந்த எடத்துல வராதுன்னு உனக்கு அத்துபடி.

கொட்டாய்ல தினம் ரெண்டே ஆட்டம். அதான் உன் சுவத்துப் பத்திரிகைக்கு "மூணாவது ஆட்டம்"னு பேரு வெச்சே. அறுவடைப் பாட்டுல கதிர் அறுக்கறவங்க ஒருத்தர்கூட குனியலையேன்னு நீ எழுதினப்போ, ரசிகர் மன்றத்து ஆளுங்க நாலு பேரு சைக்கிள் செயினோட வந்தாங்க. நீ அவங்களுக்கு டீ சொல்லிட்டு, "உங்கள்ல யாரு கதிர் அறுத்திருக்கீங்க?"ன்னு கேட்டே. ரெண்டு பேரு அறுத்தவங்க. "குனியாம அறுக்க முடியுமா தம்பி?"ன்னே. டீ குடிச்சிட்டுப் போயிட்டாங்க. படத்தைக் கேள்வி கேக்கப் பழகினவன் ஓட்டு கேக்க வர்றவனையும் கேப்பான்னு நீ நெசமாவே நம்பினே.

ஒவ்வொரு விமர்சனத்துக்கும் கடைசியில ஒரு கேள்வி வெப்பே: இந்தப் படத்தில் சமைத்தது யார், சாப்பிட்டது யார்? ரொம்ப நல்ல கேள்விதான். நம்ம வீட்டுல அந்தக் கேள்விக்குப் பதில் என்னன்னு ஒரு நாளாச்சும் யோசிச்சியா? அப்பா அம்மா போன பிறகு நாம ரெண்டே பேரு. ஸ்கூல்லருந்து வந்து சமைச்சது யாரு, "உப்பு கம்மி"ன்னுக்கிட்டே சாப்பிட்டது யாரு? சரி விடு, அந்தச் சண்டையை அப்புறம் வெச்சிக்கலாம்.

உன் கையெழுத்து கோழி கிளறின மாதிரி இருக்கும். ஊரு பூராவோட எழுத்தையும் திருத்தற ப்ரூஃப் ரீடருக்கு அப்படி ஒரு கையெழுத்து. நீ எழுதினதை உலகத்துல ரெண்டே பேராலதான் படிக்க முடியும், நீயும் நானும். அதனால வியாழக்கிழமை சாயங்காலம் நீ சொல்லச் சொல்ல, பெரிய தாள்ல பட்டைப் பேனாவுல நான் எழுதுவேன், கரும்பலகையில புள்ளைங்களுக்கு எழுதற அதே உருண்டை எழுத்துல. மறுநாள் விடியறதுக்கு முன்னாடி நீ பசை வாளியோட போய் ஒட்டிட்டு வருவே. ஊரு அது உன் கையெழுத்துன்னே நெனைச்சிக்கிட்டிருந்துச்சு. நானும் அப்படியே இருக்கட்டும்னு விட்டுட்டேன், நான் ஸ்கூல் டீச்சர், வேலை போயிடக் கூடாதில்ல.

ஒண்ணு மட்டும் நீ பண்ண மாட்டே. நான் எழுதி முடிச்சதை ஒருவாட்டிகூடத் திருப்பிப் படிக்க மாட்டே. "நாள் பூரா படிச்சுப் படிச்சுக் கண்ணு பூத்துப் போச்சு. நீ எழுதினா நான் பாக்கணுமா என்ன?"ன்னு சுருட்டிக் கக்கத்துல வெச்சிப்பே. கல்யாணப் பத்திரிகையை நாலு தடவை பாக்கற மனுஷன், தங்கச்சி எழுதினதை மட்டும் பாக்க மாட்டான். அந்த நம்பிக்கையிலதான் நான் கை வெச்சேன்.

எமர்ஜென்சி வந்து, நம்ம மாநில ஆட்சியையும் கலைச்ச பிறகு கெடுபிடி ஜாஸ்தியான சமயம் அது. நியூஸ் ரீல் எடுக்கறவங்கன்னு அடி அண்ணாமலையில எங்க ஸ்கூலுக்கு ஒரு வேன் வந்துச்சு. மலை பின்னாடி தெரியற மாதிரி புள்ளைங்களை வரிசையா நிக்க வெச்சாங்க. ஆளுக்கொரு புது சிலேட்டு குடுத்தாங்க. என் மூணாங்கிளாஸ் அமுதா அதை மோந்து பாத்துச்சு அண்ணா. அதுவரைக்கும் அது கையில இருந்தது மூலை உடைஞ்ச சிலேட்டு. எல்லாரும் சிரிச்சாங்க, நல்லாவே சிரிச்சாங்க. படம் பிடிச்சு முடிச்சதும், "அடுத்தது கீழ்பென்னாத்தூர்ல ஷூட்டிங், அங்க வேணும்"னு சிலேட்டை எல்லாம் திருப்பி வாங்கி வேன்ல ஏத்திட்டாங்க. அமுதா குடுக்க மாட்டேன்னு பின்னாடி மறைச்சுச்சு. அது கையிலருந்து பிடுங்கினது நான்தான். எனக்கு அந்த வேலையைக் குடுத்தாங்க.

ரெண்டு மாசம் கழிச்சு, படத்துக்கு முன்னாடி அந்த நியூஸ் ரீல் ஓடிச்சு. நான் பொம்பளைங்க பக்கம் உக்காந்திருந்தேன். அமுதா முகம் அவ்ளோ பெருசா, சிலேட்டைப் பிடிச்சுக்கிட்டுச் சிரிக்குது. நாடே முன்னேறுதுன்னு ஒரு குரல் சொல்லுது. எனக்கு உடம்பெல்லாம் எரிஞ்சது.

அந்த வியாழக்கிழமை நீ படத்தைப் பத்திச் சொல்லி முடிச்சிட்டு சங்கக் கூட்டம்னு கெளம்பிட்டே. தாள்ல கீழ நாலு விரக்கடை எடம் மிச்சம் இருந்துச்சு. நீ நியூஸ் ரீலைப் பத்தி ஒரு வார்த்தை சொல்லலையேன்னு எனக்கு உன் மேலயும் கோவம். பேனாவைத் தொட்டு மூணு வரி எழுதினேன். மை காயறதுக்குள்ள பயம் வந்துச்சு. ஆனா அழிச்சா தாள் வீணாயிடும். அப்படியே சுருட்டி வெச்சிட்டேன்.

வெள்ளிக்கிழமை காலையில பஸ்ஸுல ஸ்கூலுக்குப் போறப்போ சுவத்து முன்னாடி கூட்டம் நின்னு சிரிக்கறதை ஜன்னல் வழியா பாத்தேன். பொய் சொல்ல மாட்டேன், பெருமையா இருந்துச்சு. மத்தியானம் டவுன்லருந்து லேட்டா வந்த டீச்சர் ஒருத்தங்க என் காதுகிட்ட வந்து, "உங்க அண்ணன் எழுதினதைப் படிச்சேன். இந்த நேரத்துல இவ்ளோ தைரியம் ஆகாதுங்க"ன்னாங்க. அப்பத்தான் பண்ணினது என்னன்னு எனக்கு உறைச்சுது. ஹெட்மிஸ்ட்ரஸ்கிட்ட லீவு கேட்டேன். "மணி அடிக்கட்டும், போ"ன்னு முகத்தைத் திருப்பிக்கிட்டாங்க.

நான் வந்து சேரும்போது மணி அஞ்சு. சுவத்துல தாள் இல்ல, பசைத் தடம் மட்டும் இருந்துச்சு. உன்னையும் பாயையும் அரை மணிக்கு முன்னாடிதான் ஜீப்புல ஏத்திக்கிட்டுப் போனதா டீக்கடைக்காரரு சொன்னாரு. "வீட்டுக்கு வருவாங்கம்மா, சீக்கிரம் போ"ன்னாரு.

வீட்டுக்கு ஓடி வந்து என்ன பண்ணினேன் தெரியுமா? என் கையெழுத்து இருந்ததையெல்லாம் பொறுக்கினேன். பாட நோட்டு, மளிகைச் சீட்டு, டப்பா மேல ஒட்டின பேரு, அம்மா ஆஸ்பத்திரியில இருந்தப்போ நான் எழுதின லெட்டருங்க. எல்லாத்தையும் அடுப்புல போட்டேன். உன்னைக் காப்பாத்த என்ன வழின்னு எனக்குத் தோணவே இல்ல அண்ணா. என்னைக் காப்பாத்திக்கத்தான் தோணுச்சு. அந்த ஒண்ணுதான் இத்தனை வருஷமும் என்னை அரிச்சுது. அவங்க வந்து பாக்கும்போது உன் கிறுக்கல் மட்டும்தான் வீட்டுல இருந்துச்சு.

இப்போ சொல்லப் போறது உனக்குத் தெரியாது. உன்கிட்ட சொன்னதே இல்ல.

திங்கக்கிழமை ஜீப்பு ஸ்கூலுக்கு வந்துச்சு. சிலேட்டு சமாச்சாரம் அன்னிக்கு ஸ்கூல்ல இருந்தவங்களுக்குத்தானே தெரியும், அதான் தேடிக்கிட்டு வந்துட்டாங்கன்னு நெனைச்சேன். ஜன்னல்ல பாத்ததும் கரும்பலகையை முந்தானையாலயே தொடைச்சேன். சப்-இன்ஸ்பெக்டர் உள்ள வந்தாரு, பின்னாடியே ஹெட்மிஸ்ட்ரஸ். சுவத்துல தொங்கற அட்டைங்களை ஒண்ணொண்ணா பாத்தாரு. அத்தனையும் என் உருண்டை எழுத்து.

"இதெல்லாம் யாரு எழுதினது?"

"மாத்தலாகிப் போன டீச்சருங்க சார். போன வருஷமே போயிட்டாங்க"ன்னாங்க ஹெட்மிஸ்ட்ரஸ். முகத்துல ஒரு சலனம் இல்ல. ரெண்டு வருஷமா என்னோட முகம் குடுத்துப் பேசாம முறைச்சுக்கிட்டிருந்த அம்மா அண்ணா அது!

அவரு சாக்பீஸை எடுத்து என் கையில குடுத்தாரு. "எழுதுங்க டீச்சர். எல்லோரும் சிரிக்கிறார்கள்."

எனக்கு எங்கருந்து அந்தப் புத்தி வந்துச்சோ. பத்து வருஷமா உன் கிறுக்கலைப் படிச்சுப் படிச்சு அது கண்ணுக்குள்ளயே இருந்துச்சு. உன் 'எ' பக்கத்துல சாஞ்சு விழும், உன் 'ர்' புள்ளி எங்கயோ போய் நிக்கும். அப்படியே எழுதினேன். உன் கையால எழுதினேன்.

அவரு பலகையைப் பாத்தாரு, என்னைப் பாத்தாரு. அப்புறம் புள்ளைங்க பக்கம் திரும்பினாரு. "உங்க டீச்சர் எப்பவும் இப்படித்தான் எழுதுவாங்களா?"

நாப்பது புள்ளைங்க. பொய் சொல்லக் கூடாதுன்னு நானே சொல்லிக் குடுத்த புள்ளைங்க. அமுதா எழுந்துச்சு. போச்சுடா சாமி, முடிஞ்சதுன்னு நெனைச்சேன். சிலேட்டைப் பிடுங்கினவதானே நான், அது எனக்கு ஏன் பரிஞ்சு பேசணும்?

"ஆமா சார். எங்களுக்குப் பழகிடுச்சு"ன்னுச்சு.

அவரு தலையை ஆட்டிட்டு, "குடும்பமே கிறுக்கல்தான் போல"ன்னு சொல்லிட்டுப் போயிட்டாரு. நான் நாற்காலியில உக்காந்துட்டேன். 'குடும்பமே'ன்னு ஏன் சொன்னாரு? நீதானே உருண்டையா எழுதறவன்னு ஊரு நெனைச்சுது? அந்தக் கேள்விக்கு எனக்குப் போன செவ்வாக்கிழமைதான் பதில் கெடைச்சுது.

பதினோரு மாசம் கழிச்சு நீ எலும்பும் தோலுமா வாசல்ல வந்து நின்னே. மொதல்ல கேட்டது, "ஊருல என்ன படம் ஓடுது சுலோ?" அந்த மூணு வரியைப் பத்திக் கேப்பே, கேப்பேன்னு நான் தெனம் காத்துக்கிட்டிருந்தேன். ஒரு வார்த்தை கேக்கல. கேட்டிருந்தா கால்ல விழுந்து அழுது தீத்திருப்பேன். என் மேல அவ்ளோ வெறுப்பு, அதான் பேச்சையே எடுக்கலன்னு நானே முடிவு கட்டிக்கிட்டேன்.

"இனிமே நான் எழுத மாட்டேன்"னு சொன்னதும் அதனாலதான். பயம்னு நீ நெனைச்சிருப்பே, பயமும்தான். நீ மறுபேச்சு பேசல. உன் கிறுக்கலையே கொண்டு போய் ஒட்டினே. ஒருத்தனுக்கும் புரியல. "என்னய்யா எழுதியிருக்கே?"ன்னு கேட்டாங்க, நீ நின்னு படிச்சுக் காட்டினே. படிச்சுக் காட்டறப்போ ஒருத்தன் மறுத்துப் பேசினான், இன்னொருத்தன் அவனை மறுத்தான். சுவத்துல இருந்த மூணாவது ஆட்டம் தெருவுக்கு வந்துச்சு. கடைசி வரைக்கும், இருமிக்கிட்டே, அப்படித்தான் நடத்தினே. நான் அந்தப் பக்கமே வரல.

சரி, செவ்வாக்கிழமைக்கு வர்றேன். ரெண்டு நாளு அந்த அட்டையோட மல்லுக்கட்டினேன். உண்மையைச் சொன்னா உன் பேரு என்னாகும்? உனக்குன்னு ஊரு ஞாபகம் வெச்சிருக்கற ஒரே வரி அதுதான், அதையும் பிடுங்கறதா? சொல்லலன்னா, உன் பேரைப் போட்டு நானே பொய்யை அச்சுல ஏத்தறதா? ப்ரூஃப் திருத்தறவன் தங்கச்சி, தெரிஞ்சே தப்பை விட்டா நீ சும்மா இருப்பியா? புதன்கிழமை மெஷின் ஏறணும். செவ்வாக்கிழமை சாயங்காலம் ஸ்கூல் விட்டதும் பிரஸ்ஸுக்குப் போனேன்.

பாய்க்கு இப்போ கண்ணு மங்கல். ஆனா என் செருப்புச் சத்தம் தெரியுது. "வாம்மா டீச்சரம்மா, உக்காரு"ன்னாரு. உக்காரல. "பாய், அந்த மூணு வரி அண்ணன் எழுதினது இல்ல, நான் எழுதினது"ன்னு ஒரே மூச்சுல சொல்லிட்டேன்.

அவரு கண்ணாடியைக் கழட்டித் தொடைச்சாரு. "தெரியும்மா"ன்னாரு.

"எப்போலருந்து?"

"அன்னிக்குக் காலையிலருந்து. அவனும்தான்."

அடப்பாவி அண்ணா!

பாய் சொன்னதைச் சொல்றேன், சரியான்னு பாத்துக்க. அன்னிக்கு ஒட்டிட்டு டீ குடிச்சிக்கிட்டிருந்தியாம். வெளிச்சம் வந்ததும் கூட்டம் சேந்து சிரிச்சுதாம். "நான் அந்த எடத்துல சிரிப்பு எதுவும் வெக்கலையே பாய்"னு க்ளாஸைக் கீழ வெச்சிட்டுப் போய்ப் பாத்தியாம். பாய் பதறிப் போய், "கிழிச்சுடலாம்பா, இன்னும் நேரம் இருக்கு"ன்னாராம். அதுக்கு நீ, "என்னுதா இருந்தா கிழிச்சுடுவேன் பாய். இது அவளுது. அவளைக் கேக்காம கத்திரி வெக்க நான் யாரு?"ன்னியாம்.

"அப்போ போய்க் கேளுய்யா"ன்னாராம் அவரு. "கேட்டா அவளே பயந்துக்கிட்டு ஓடி வந்து கிழிச்சுடுவா. நல்ல வரி பாய் இது. நான் பத்து வருஷமா எழுதினதுல இப்படி ஒண்ணு இல்ல"ன்னியாம்.

என்கிட்ட சொல்லியிருக்கலாமில்ல? ஜெயில்லருந்து வந்து பதினோரு வருஷம் ஒரே வீட்டுல, ஒரே சட்டியில சோறு தின்னுட்டு, ஒரு நாள் சொல்லியிருக்கலாமில்ல? "நான் எத்தினி வாட்டி சொன்னேன்மா, தங்கச்சிகிட்ட பேசுய்யான்னு. பேசினா அவ மன்னிப்பு கேப்பா பாய், அந்த வரிக்கு அவ மன்னிப்பு கேக்கக் கூடாதுன்னான். என்கிட்டயும் சத்தியம் வாங்கிட்டான்"னாரு பாய். நல்லா இருக்கு போ, உன் நியாயம்! நான் ஒவ்வொரு நாளும் செத்துக்கிட்டிருந்தேன், நீ என் வரியைப் பொத்திப் பாதுகாத்துக்கிட்டு இருந்திருக்கே.

அப்புறம் பாய் உள்ள போய், சணல் கயிறு போட்டுக் கட்டின ஒரு கட்டை எடுத்துக்கிட்டு வந்தாரு. பழைய சினிமா நோட்டீசுங்க, ரோஸு, பச்சை, மஞ்சள். "பின்னாடி திருப்பிப் பாரு"ன்னாரு.

முதல் தாள்ல உன் கோழிக் கிறுக்கல். அந்த மூணு வரி. அடுத்ததுலயும் அதே மூணு வரி, எழுத்து கொஞ்சம் நிமிந்திருக்கு. அதுக்கடுத்தது இன்னும் கொஞ்சம். அன்னிக்குக் காலையிலருந்து சாயங்காலம் வரைக்கும், சோறு தண்ணி இல்லாம, பிரஸ்ஸு மூலையில உக்காந்து என் எழுத்தை எழுதிப் பழகியிருக்கே. அமுதாவுக்கு நான் கை பிடிச்சு 'சி' போடக் கத்துக் குடுத்த மாதிரி, நீயா கத்துக்கிட்டிருக்கே. பச்சைத் தாளெல்லாம் தாண்டி ரோஸுத் தாளுக்கு வரும்போது என் கையெழுத்து, அண்ணா. நானே எழுதினேனோன்னு சந்தேகம் வந்துச்சு.

ஸ்டேஷன்ல உன்னை அந்த மூணு வரியை எழுதச் சொன்னப்போ உருண்டையா எழுதிக் காட்டினியாம். பாய் பக்கத்துலயே நின்னு பாத்திருக்காரு. அந்த சப்-இன்ஸ்பெக்டர் சந்தேகப்பட்டு வேற ஏதோ எழுதச் சொன்னாராம். அந்த மூணு வரியில இருந்த எழுத்துங்களைத்தானே நீ பழகினே, மத்தது வந்ததும் பழைய கிறுக்கல் வந்துடுச்சு. "சுவத்துல எழுதறப்போ வர்றது ஸ்டேஷன்ல வராதுங்க, கை நடுங்குது"ன்னியாம். அதான் அவரு என்னைத் தேடி வந்தது. அதான் 'குடும்பமே கிறுக்கல்'னு சொன்னது. நீ அங்க என் கையால எழுதியிருக்கே, நான் இங்க உன் கையால எழுதியிருக்கேன். ஒருத்தருக்கொருத்தர் சொல்லிக்கல.

நான் அங்கயே தரையில உக்காந்து ஓன்னு அழுதேன். பாயும் அழுதாரு. அப்புறம் அவரு கட்டுல கடைசித் தாளை உருவி என் கையில குடுத்து, "இதுல மூலையில என்னமோ கிறுக்கியிருக்கான்மா. பதிமூணு வருஷமா தலைகீழா வெச்சும் பாத்துட்டேன், புரியல. அவன்கிட்ட கேட்டா சிரிப்பான். உனக்குத்தான் தெரியும், என்னன்னு பாரு"ன்னாரு.

ரோஸுத் தாளு. நடுவுல என் கையெழுத்துல மூணு வரி. ஓரத்துல, ஒவ்வொரு ப்ரூஃபுலயும் வேலை முடிஞ்சதும் நீ போடுவியே, அதே எடத்துல, உன் கோணக் கையெழுத்துல:

திருத்தம் இல்லை. போகலாம். – ஏ.

நான் எழுதினதை நீ படிச்சிருக்கே அண்ணா. ஒரு தடவை. ஒழுங்கா, எழுத்தெழுத்தா.

புதன்கிழமை காலையில அட்டையைச் செல்வமணிகிட்ட குடுத்தேன். ஒரே ஒரு திருத்தம்தான் போட்டிருந்தேன். அச்சுக் கோத்த எழுத்தை எடுத்துட்டு, அந்த ரோஸுத் தாளையே போட்டோ பிடிச்சு ப்ளாக் எடுத்து அட்டையில போடச் சொன்னேன், மூலையில இருக்கற கிறுக்கலோட. கீழ உன் பேரு இருந்த எடத்துல ரெண்டு வரி எழுதினேன்.

வரி: சுலோச்சனா.
கையெழுத்து: ஏகாம்பரம்.

செல்வமணி ரெண்டு தடவை படிச்சிட்டு, "இது எப்படிக்கா?"ன்னான். "கடிதத்துல எல்லாம் எழுதித் தர்றேன், படிச்சுக்க. மொதல்ல அட்டையை மெஷின்ல ஏத்து"ன்னேன்.

ஊரு ரொம்ப மாறிடுச்சு அண்ணா. நாம இப்போ மாவட்டத் தலைநகரம். வேங்கிக்கால் பக்கம் ப்ளாட் போட்டு விக்கறாங்க. கொட்டாய் இருந்த எடத்துல கல்யாண மண்டபம் வருது. ஜனங்க வீடியோ டெக் வாடகைக்கு எடுத்து வீட்டுக்குள்ளயே மூணு படம் பாக்கறாங்க, வெளிய நின்னு கேக்க டீக்கடை இல்ல. டி.வி. செய்தியில மட்டும் எல்லாரும் இன்னும் சிரிச்சிக்கிட்டுத்தான் இருக்காங்க. அமுதா இப்போ எங்க ஸ்கூலுக்கே டீச்சரா வந்திருக்கா. அவ கையெழுத்து என்னுதைவிட நல்லா இருக்கு.

உனக்கு ஒரு வாக்கு குடுக்கறேன். வெள்ளிக்கிழமை கூட்டத்துக்கு முன்னாடி, விடியக்காலையில, நானே பசை வாளியோட அந்தச் சுவத்துக்குப் போவேன். மூணாவது ஆட்டம் திரும்பவும் ஒட்டுவேன், வாராவாரம் ஒட்டுவேன். படத்தைப் பத்தியும் எழுதுவேன், படத்துக்கு முன்னாடி ஓடறதைப் பத்தியும் எழுதுவேன். கீழ என் பேரைப் போடுவேன். கிழிக்கணும்னு யாராச்சும் வந்தா என்னைக் கேட்டுட்டுக் கிழிக்கட்டும்.

ஒட்டறதுக்கு முன்னாடி ஒருவாட்டி திருப்பிப் படிச்சுடுவேன். நீதான் இல்லையே.

உனக்குச் சமைச்சும் போட்டு, எழுதியும் போட்ட
உன் தங்கச்சி
சுலோச்சனா